தண்டப்பண விதியை எதிர்த்து வழக்கிடும் தகைமை: மலையக மக்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

புதிய தண்டப்பண விதியொன்று அநீதியானது என்று ஹட்டனில் முச்சக்கரவண்டி ஓட்டுபவருக்கோ வெலிமடையில் மரக்கறி ஏற்றும் வியாபாரிக்கோ தோன்றினால், அவர் சட்டத்தரணியிடம் முதலில் அடுக்குவது அந்த விதியின் குறைகளைத்தான். நீதிமன்றமோ அதற்கு முன்பாக, அந்த விதியால் மனுதாரருக்கு நேர்ந்த பாதிப்பு என்ன, அதை முறையிட அவருக்குத் தகைமை உண்டா என்று பார்க்கிறது. அங்கேயே தடுக்கி விழும் மனுவில் விதியின் நியாய அநியாயம் பேசப்படுவதே இல்லை.

தண்டம் விதித்தவர் யார் என்று பிரித்தறியாமல் விடுவது நம் பகுதியில் அடிக்கடி நிகழும் தவறு. இலங்கை அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் அடிப்படை உரிமை மனு, நிறைவேற்றுத் துறையின் அல்லது நிர்வாகத்தின் செயலுக்கு எதிராகவே செல்லும். 1992இல் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பனிகள் உருவான பின்னர் பெரும்பாலான தோட்டங்கள் அவற்றின் கையில் இருப்பதால், பறித்த கொழுந்தின் நிறை போதவில்லை என்று அங்கே துரை (தோட்ட முகாமையாளர்) சம்பளத்தில் வெட்டும் பணம் அரசாங்கத் தண்டம் ஆகாது. அதற்குத் தொழில் திணைக்களத்தையே நாட வேண்டும். பிரதேச சபையின் துணைவிதியும் அமைச்சர் வர்த்தமானியில் வெளியிடும் ஒழுங்குவிதியும் வேறு. அவற்றை 140ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் ரிட் மனு (அதிகாரத்தை மீறிய செயலை நீக்கவோ தடுக்கவோ கோரும் மனு) மூலமும் எதிர்க்கலாம். விடயம் மாகாண சபைப் பட்டியலுக்குள் வருமானால் மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் அந்த அதிகாரம் உண்டு என்பதை, நீதிமன்றங்கள் உள்ள கொழும்பு புதுக்கடைக்கு அலைய வசதியில்லாதவர்கள் கட்டாயம் விசாரித்தறிய வேண்டும்.

பாராளுமன்றச் சட்டத்தையே எதிர்க்க முனைவது வீண். சபாநாயகர் சான்றுரை எழுதிய பின்னர் அதன் செல்லுபடியைக் கேள்விக்குட்படுத்த முடியாது என அரசியலமைப்பின் 80(3)ஆம் உறுப்புரை கூறுகிறது. சட்டமூலமாக இருக்கும்போதுதான் எந்தப் பிரஜையும் 121ஆம் உறுப்புரையின் கீழ் மனுச் செய்யலாம்.

இவை எல்லாவற்றையும் விட என்னை வருத்துவது காலக்கெடுவைத் தவறவிடுவதுதான். அடிப்படை உரிமை மனுவுக்கு ஒரு மாதமே உண்டு. நம் ஆட்களோ தோட்டத் தலைவரிடம் சொல்லி, அவர் தொழிற்சங்கக் காரியாலயத்தில் சொல்லி, சிங்களத்தில் வந்த கடிதத்தை யாரேனும் வாசித்துச் சொல்லும்வரை காத்திருப்பதற்குள் அந்த மாதம் ஓடிவிடுகிறது. ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், விசாரணை நிலுவையில் உள்ள காலம் கணக்கில் சேராது என 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவு கூறுவது உண்மை. ஆயினும் முறைப்பாட்டைப் பதிந்த பற்றுச்சீட்டு மட்டும் போதாது. விசாரணை உண்மையில் நிலுவையில் இருந்ததைக் காட்ட வேண்டும். கண்டியிலும் பதுளையிலும் உள்ள ஆணைக்குழு அலுவலகங்களில் முறைப்பாடு செய்துவிட்டு நிம்மதியாக இருந்துவிடாமல், அன்றே சட்ட உதவி ஆணைக்குழுவையும் அணுகுவதே பாதுகாப்பு.

தண்டம் விதிக்கப்படும்வரை பொறுத்திருக்க வேண்டும் என்று நினைப்பதும் தவறு, ஏனெனில் 126ஆம் உறுப்புரை உடனடியாக நிகழவிருக்கும் மீறலையும் உள்ளடக்குகிறது. ஆனால் அந்த விதி தன்மீது பாயும் என்பதற்கு அனுமதிப்பத்திரம், எச்சரிக்கைக் கடிதம் போன்ற சான்று தேவை. பொதுவான அச்சம் போதாது. நீதவான் நீதிமன்றத்தில் குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டம் செலுத்திய பின்னர் வருபவரின் நிலை மிகவும் கடினம்: அது நீதிமன்றத்தின் கட்டளை, நிர்வாகச் செயலன்று. சங்கத்தின் பெயரில் மட்டும் மனுவிடுவதும் ஆபத்தானது. தண்டச்சீட்டுப் பெற்ற ஓரிருவரை மனுதாரராகச் சேர்த்தால் தகைமை பற்றிய ஆட்சேபனை வலுவிழக்கும்.

குடியுரிமைப் பத்திரம் ஒழுங்காக இல்லையே என்று ஒதுங்கி நிற்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். 14ஆம் உறுப்புரையின் சுதந்திரங்கள் பிரஜைகளுக்கே உரியவை. ஆனால் சட்டத்தின் முன் சமத்துவத்தை வழங்கும் 12(1)ஆம் உறுப்புரை, பிரஜைகளை மட்டுமன்றி எல்லா ஆட்களையும் பற்றியே பேசுகிறது.