பழைய ஃபுட்டேஜ் தேடும்போது சறுக்கும் இடங்கள்

ஆவணப்படங்களுக்குப் பழைய காட்சி தேடித் தருவது என் வேலை. "யூடியூப்லதான் இருக்கே, இறக்கிப் போட்டுக்கலாமே" என்று யாராவது ஒருவர் சொல்லாமல் இதுவரை ஒரு படமும் முடிந்ததில்லை. யூடியூபில் கிடைப்பது துப்பு மட்டும்தான். பழைய செய்திப்படங்களை வைத்திருக்கும் பிரிட்டிஷ் பாத்தே நிறுவனம் 2014-இல் சுமார் 85,000 படங்களை அங்கே ஏற்றியது. பார்க்கக் காசில்லை; உங்கள் படத்தில் சேர்க்க உரிமம் வாங்க வேண்டும்.

இல்லாத இடத்தில் தேடுவது இன்னொரு தவறு. அண்ணாவின் இறுதி ஊர்வலத்தைத் தூர்தர்ஷனில் கேட்டுப் பார்க்கச் சொன்னார் ஓர் இயக்குநர். அண்ணா மறைந்தது 1969 பிப்ரவரி; சென்னையில் தொலைக்காட்சி நிலையம் வந்ததே 1975 ஆகஸ்டில்தான். தேட வேண்டியது, தியேட்டரில் படத்துக்கு முன் ஓட்டிய, மத்திய அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷன் எடுத்த நியூஸ்ரீலை (செய்திப்படத்தை). இப்போது அதற்கு என்.எஃப்.டி.சி.யிடம் (தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம்) போக வேண்டும்.

என்னைக் கேட்டால், ஆளைக் கவிழ்ப்பது தலைப்பை நம்புவதுதான். '1947, மெட்ராஸ்' என்று ஒரு க்ளிப் வந்தது. கூட்டம், கொடி, கறுப்பு வெள்ளை, எல்லாம் பொருத்தம். ஃபிரேம் ஃபிரேமாக நகர்த்தினால், மவுண்ட் ரோட்டில் எல்.ஐ.சி. கட்டடம் நிற்கிறது! அது திறக்கப்பட்டது 1959-இல். மெட்ராஸில் டிராம் நின்றது 1953-இல்; டிராம் ஓடினால் காட்சி அதற்கு முந்தையது. சுவரில் சினிமா போஸ்டர் தெரிந்தால் யோகம்தான், மாதம் வரை சொல்லிவிடலாம்.

அப்புறம் உரிமை. சுருள் வைத்திருப்பவரே சொந்தக்காரர் என்று நினைக்காதீர்கள். புனேயில் உள்ள தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகத்தில் பிரதி இருக்கும், உரிமை தயாரிப்பாளர் குடும்பத்திடம் இருக்கும். இந்தியச் சட்டப்படி, படம் வெளியானதற்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள் காப்புரிமை. ஆனால் அது இந்தியாவுக்குள் மட்டும். அமெரிக்காவில் கணக்கே வேறு. பின்னணி இசைக்குத் தனி உரிமையாளர் இருக்கலாம், அதையும் விசாரியுங்கள். விலை கேட்கும்போதே திரைவிழா, டிவி, ஓடிடி எல்லாவற்றுக்கும் சேர்த்துக் கேளுங்கள். ஓடிடி ஒப்பந்தம் கையில் வந்த பிறகு போனால் பேரம் பேச வாய் இருக்காது.

பழைய டிவி வடிவமான 4:3 காட்சியை 16:9 அகலத் திரை நிரம்பப் பெரிதாக்கி, மேலும் கீழும் வெட்டிப் போடுவது எனக்குப் பிடிக்காத பழக்கம். உயரத்தில் கால் பங்கு போய்விடும். மேடையில் நிற்கும் தலைவருக்குத் தலை இருக்காது. பக்கவாட்டில் கறுப்பு இருந்தால் இருந்துவிட்டுப் போகட்டுமே.

முன்னோட்டப் பிரதியை (காப்பகம் பார்ப்பதற்காக வாட்டர்மார்க் போட்டுத் தருவது) எடிட்டருக்குக் கொடுக்கும்போது ரீல் எண், டைம்கோட் (ரீலில் அந்தக் காட்சி வரும் நேரம்), வந்த இடம் மூன்றையும் ஃபைல் பெயரிலேயே எழுதிவிடுங்கள். ஒரு படத்தில் எல்லாமே 'ஓல்டு மெட்ராஸ் ஃபைனல் 2' என்ற ரகத்தில் பெயர் மாறிக் கிடந்தன. வாட்டர்மார்க்கோடு எடிட் முடிந்துவிட்டது, வாட்டர்மார்க் இல்லாத மாஸ்டர் பிரதியைக் கேட்க ரீல் எண் இல்லை. பத்து நாள் ஒவ்வொரு க்ளிப்பாக மறுபடி தேடினேன். நாலு க்ளிப் கடைசிவரை கிடைக்கவில்லை. அந்த இடங்களில் இப்போது புகைப்படங்கள் ஓடுகின்றன.