40 லட்சம் வீட்டுக் கடன் உண்மையில் எவ்வளவு? நீங்களே கணக்குப் போட்டுப் பார்க்கும் வழி

வீட்டுக் கடனுக்குப் போகிறவர்கள் இரண்டு கேள்வி கேட்பார்கள்: மாசம் எவ்வளவு கட்டணும், வட்டி எவ்வளவு. எத்தனை மாதம் கட்டணும் என்பதை யாரும் அழுத்திக் கேட்பதில்லை. மாதத் தவணை கைக்கு அடங்கினால் போதும் என்று கையெழுத்துப் போட்டுவிடுகிறோம். பணம் போவது பெரும்பாலும் அந்த மாதக் கணக்கில்தான்.

கீழே ஒரே உதாரணத்தை வைத்துப் படிப்படியாகப் பார்க்கலாம். தமிழ்நாட்டில் 50 லட்சம் ரூபாய்க்கு மறுவிற்பனை அடுக்ககம்; கடன் 40 லட்சம்; வட்டி 8.5 சதவீதம், மாறும் வட்டி, 20 வருடம். உங்கள் எண்களைப் போட்டு இதே வழியில் செய்துகொள்ளுங்கள். எக்செலோ கூகுள் ஷீட்டோ போதும், அரை மணி நேர வேலை.

படி 1: கைக்காசைத் தனியே எழுதுங்கள்

30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு, வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் உச்சவரம்பு. 30 லட்சம் வரை 90 சதவீதம், 75 லட்சத்துக்கு மேல் 75 சதவீதம். ஆக நம் உதாரணத்தில் 10 லட்சம் கையிலிருந்து.

பலர் சறுக்குவது அடுத்த வரியில்தான். பத்திரச் செலவை வங்கி அந்த வீட்டு மதிப்பில் சேர்க்காது. தமிழ்நாட்டில் கிரையப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, மொத்தம் 9 சதவீதம். விலை, அரசு நிர்ணயித்த வழிகாட்டி மதிப்பு இரண்டில் எது கூடுதலோ அதற்கு. 50 லட்சத்துக்கு நாலரை லட்சம். இதை மறந்தவர்கள்தான் பதிவுக்கு முந்தின வாரம் நகையை அடகு வைக்கவோ, தனிநபர் கடன் எடுக்கவோ ஓடுகிறார்கள். அந்த வட்டியும் வீட்டுச் செலவுதான். (பில்டரிடம் நேரடியாக வாங்கும் புது அடுக்ககத்துக்குத் தீர்வைக் கணக்கு வேறு. கட்டி முடியாததாக இருந்தால் 5 சதவீதம், குறைந்த விலை வீட்டு வகையென்றால் 1 சதவீதம் ஜிஎஸ்டியும் உண்டு.)

இதோடு பரிசீலனைக் கட்டணமும் அதன் மேல் 18 சதவீத ஜிஎஸ்டியும், வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், எம்ஓடி எனப்படும் ஆவண ஒப்படைப்புப் பதிவு. எல்லாவற்றுக்கும் ஒவ்வொரு வரி போட்டு, வங்கியில் கேட்டுத் தொகையை நிரப்புங்கள்.

படி 2: அட்டவணை போடுங்கள்

ஆறு நிரல்: மாதம், தொடக்க நிலுவை, வட்டி, அசல், கூடுதலாகக் கட்டியது, முடிவு நிலுவை. ஆண்டு வட்டி விகிதத்தையும் தவணைத் தொகையையும் மேலே தனிக் கட்டத்தில் வையுங்கள்.

வட்டி = தொடக்க நிலுவை × ஆண்டு வட்டி ÷ 12. அசல் = தவணை − வட்டி. முடிவு நிலுவை = தொடக்க நிலுவை − அசல் − கூடுதல். அடுத்த வரியின் தொடக்க நிலுவை முந்தின வரியின் முடிவு நிலுவை. ஒரு வரி சரியாக வந்ததும் கீழே 240 வரிக்கு இழுத்துவிடுங்கள்.

நம் கடனுக்குத் தவணை 34,713 ரூபாய். முதல் மாதம்: 40,00,000 × 0.085 ÷ 12 = 28,333 வட்டி. அசலில் கழிவது 6,380 மட்டும். நிலுவை 39,93,620. இரண்டாம் மாதம் வட்டி 28,288, அசல் 6,425.

எண்கள் கன்னாபின்னாவென்று வந்தால் காரணம் இரண்டில் ஒன்று. வட்டிக் கட்டத்தில் 8.5% என்று போடாமல் வெறும் 8.5 என்று போட்டிருப்பீர்கள். அல்லது வட்டி, தவணைக் கட்டங்களை டாலர் குறி போட்டு ($B$1 போல) பூட்டாமல் இழுத்திருப்பீர்கள், வரிக்கு வரி கட்டம் நகர்ந்திருக்கும். 240-ஆம் வரியின் முடிவில் சில பத்து ரூபாய்தான் முன்பின் நிற்க வேண்டும். அதற்கு மேல் நின்றால் எங்கோ தப்பு.

படி 3: நிலுவை நிரலை மேலிருந்து கீழே படியுங்கள்

முதல் வருடம் கட்டுவது 4.17 லட்சம், அசல் குறைவது 80 ஆயிரத்துக்கும் கொஞ்சம் கீழே. ஐந்து வருடம் முடியும்போது 20.83 லட்சம் கட்டியிருப்பீர்கள், நிலுவை 35.25 லட்சம் இருக்கும். பத்து வருடம், அதாவது பாதி காலம் முடிந்தும் பாக்கி 28 லட்சம். தவணையில் அசல் பங்கு வட்டியை முந்துவது 143-ஆம் தவணையில். பன்னிரண்டாம் வருடம் முடியும் தறுவாயில்!

இதில் ஏமாற்று எதுவுமில்லை. நிலுவை பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிது, அவ்வளவுதான். ஆனால் "அஞ்சு வருஷம் கட்டிட்டு வித்துடலாம்" என்று நினைப்பவர்கள் இந்த 35.25 லட்சத்தைப் பார்த்துவிட்டு நினைக்கட்டும்.

மொத்தம் 240 தவணைக்கு 83.31 லட்சம். வட்டி மட்டும் 43.31 லட்சம்.

படி 4: காலத்தை மாற்றிப் பாருங்கள்

அதே 40 லட்சம், அதே 8.5 சதவீதம்:

15 வருடம்: தவணை 39,390, மொத்த வட்டி 30.9 லட்சம்
20 வருடம்: தவணை 34,713, மொத்த வட்டி 43.3 லட்சம்
25 வருடம்: தவணை 32,209, மொத்த வட்டி 56.6 லட்சம்
30 வருடம்: தவணை 30,757, மொத்த வட்டி 70.7 லட்சம்

20-லிருந்து 30-க்குப் போனால் மாதம் 3,956 ரூபாய் மிச்சம். வட்டியில் 27 லட்சத்துக்கு மேல் கூடுதல். கால் சதவீத வட்டிக்காக நாலு வங்கி ஏறி இறங்குகிறவர்கள் இந்தப் பட்டியலை ஒருமுறை பார்க்க வேண்டும்.

மறுபக்கத்தையும் சொல்லிவிட வேண்டும். இருபதாம் வருடம் கட்டும் 34,713 ரூபாய், விலைவாசி ஆண்டுக்கு 6 சதவீதம் ஏறினால், இன்றைய மதிப்பில் 10,800 ரூபாய்தான். அதனால் 43 லட்சம் என்ற எண்ணைக் கண்டு மிரள வேண்டியதில்லை. தவணை கழுத்தை நெரிக்கும் என்றால் நீண்ட காலத்தை எடுத்துக்கொண்டு, முடிந்தபோது கூடுதலாகக் கட்டுவதே புத்திசாலித்தனம். கூடுதலாக உண்மையிலேயே கட்டினால்தான்.

படி 5: வட்டி ஏறினால் என்ன ஆகும்?

இந்தப் படியை விட்டுவிடாதீர்கள். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோலோடு, பெரும்பாலும் ரெப்போ விகிதத்தோடு (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி), இணைக்கப்படுகின்றன. உங்கள் வட்டி = ரெப்போ + வங்கி வைக்கும் கூடுதல் விகிதம். ரெப்போ மாறினால் மூன்று மாதத்துக்குள் உங்கள் வட்டியும் மாற வேண்டும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்த விதி பொருந்தாது. அவை தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்கின்றன. கடன் தருவது வங்கியா, நிதி நிறுவனமா என்பதை முதலிலேயே பாருங்கள்.

வட்டி ஏறினால் வழக்கமாகத் தவணை அப்படியே இருக்கும், காலம் நீளும். கையிலிருந்து கூடுதலாக எதுவும் போகாததால் கடன் வாங்கியவருக்குத் தெரியவே தெரியாது. அட்டவணையில் 9.5% போட்டு, தவணையை 34,713-லேயே வைத்துப் பாருங்கள். 240 மாதக் கடன் 309 மாதம் ஆகிறது. மொத்த வட்டி 67 லட்சம். அதற்குப் பதில் தவணையை 37,285 ஆக உயர்த்தி 20 வருடத்திலேயே நிறுத்தினால் வட்டி 49.5 லட்சம். மாதம் 2,572 ரூபாய்க்குப் பதினேழு லட்சத்துக்கு மேல் வித்தியாசம்.

நடக்காத கதையல்ல. 2022 மே மாதம் 4 சதவீதத்தில் இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆனது. 6.75 சதவீதத்தில் 40 லட்சம் வாங்கியவரின் தவணை 30,415. வட்டி இரண்டரை ஏறி 9.25 ஆனால் ஒரு மாத வட்டி மட்டுமே 30,833. தவணை முழுவதும் வட்டிக்கே போதாது. மாதா மாதம் கட்டியும் கடன் வளரும். 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டுமா என்று கடன் வாங்கியவரை வங்கி கேட்க வேண்டும். கடன் வளரும் அளவுக்குக் காலத்தை நீட்டக் கூடாது.

ஆகவே வட்டி மாறியதாகக் குறுஞ்செய்தி வந்த வாரமே கிளைக்கு எழுத்தில் கேளுங்கள்: "இப்போது பாக்கி எத்தனை தவணை?" ஏற்கெனவே கட்டியதோடு சேர்த்து அது பழைய 240-ஐத் தாண்டியிருந்தால், தவணையை உயர்த்தித் தரும்படி எழுதிக் கொடுங்கள். வட்டி இறங்கும்போது தவணையைக் குறைக்கச் சொல்லாமல் அப்படியே விட்டால், காலம் தானாகச் சுருங்கும்.

படி 6: கூடுதலாகக் கட்டுவதை அட்டவணையில் சோதியுங்கள்

தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது. நிலையான வட்டி என்றால் ஒப்பந்தத்தைப் படித்துப் பாருங்கள்.

இரண்டு வருடம் முடிந்ததும் 2 லட்சம் கையில் வருகிறது என்று வைப்போம். கூடுதல் நிரலில் 24-ஆம் வரியில் 2,00,000 போடுங்கள். தவணை மாறாமல் இருந்தால் கடன் 24 மாதம் முன்னதாக முடிகிறது. வட்டியில் மிச்சம் சுமார் 6.4 லட்சம். அதே 2 லட்சத்துக்குத் தவணையைக் குறைத்துக்கொண்டால் மாதம் 1,811 குறையும், வட்டி மிச்சம் 1.9 லட்சம்தான். பணம் கட்டும் படிவத்தில் "காலத்தைக் குறைக்கவும்" என்று தெளிவாகக் குறிப்பிடுங்கள். எதுவும் சொல்லாமல் கட்டினால் எதைக் குறைத்தார்கள் என்பது பிறகு கணக்கு அறிக்கை பார்த்தால்தான் தெரியும்.

பெரிய தொகை வராதவர்கள், போனஸிலிருந்து வருடத்துக்கு ஒரு தவணை மட்டும் கூடுதலாகக் கட்டிப் பார்க்கலாம். நம் கடன் 16 வருடம் 9 மாதத்தில் முடிகிறது. மிச்சம் 8 லட்சத்துக்கு மேல்.

ஆறு மாதச் செலவுக்கான பணத்தைத் தனியே வைத்த பிறகுதான் இதெல்லாம். வழக்கமான வீட்டுக் கடனுக்குள் போட்ட காசை அவசரத்துக்குத் திரும்ப எடுக்க முடியாது. கடன் அட்டை பாக்கியோ நகைக்கடனோ இருந்தால் முதலில் அதை முடியுங்கள்.

படி 7: கடனோடு ஒட்டிக்கொண்டு வருபவை

காப்பீடு: கடனுக்குப் பாதுகாப்பு என்று ஒரே தவணைப் பாலிசியைக் கடனிலேயே சேர்த்துவிடுவார்கள். 1 லட்சம் பிரீமியம் 20 வருடத்துக்கு மாதம் 868 ரூபாய், மொத்தம் 2.08 லட்சம். அதே வங்கியில் வாங்கியாக வேண்டும் என்று சட்டம் இல்லை. குடும்பத் தலைவருக்குத் தனியாக ஒரு டேர்ம் பாலிசி (இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) விலை கேட்டு இரண்டையும் ஒப்பிட்டுப் பாருங்கள்.

கட்டும்போது வரும் வட்டி: கட்டுமானத்தில் உள்ள வீட்டுக்குக் கடன் பகுதி பகுதியாக வரும். அதுவரை வட்டி மட்டும் கட்டலாம் என்பார்கள். சராசரியாக 20 லட்சம் 24 மாதம் வெளியே நின்றால் 3.4 லட்சம். அசலில் ஒரு ரூபாய் குறையாது. பில்டர் தாமதித்தால் இந்த மீட்டர் ஓடிக்கொண்டே இருக்கும், கூடவே குடியிருக்கும் வீட்டு வாடகையும்.

வரிச் சலுகை: சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டு வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு பழைய வரிமுறையில் மட்டும். நம் முதல் வருட வட்டி 3.37 லட்சம், 30 சதவீத வரம்பில் இருப்பவருக்கும் மிச்சம், செஸ் எனும் மேல்வரியும் சேர்த்து, 62,400தான். புதிய முறையில் இருப்பவர் இந்த இடத்தில் பூஜ்யம் போடட்டும்.

பராமரிப்பு: 1,000 சதுர அடிக்குச் சதுர அடி 4 ரூபாய் வைத்தால் மாதம் 4,000, இருபது வருடத்தில் ஒரு பைசா ஏறாவிட்டாலும் 9.6 லட்சம். சொத்து வரி தனி.

இதுவரை கூட்டினால்: கைக்காசு 10, பத்திரம் 4.5, தவணைகள் 83.31, பராமரிப்பு 9.6. ஒரு கோடியே ஏழரை லட்சத்துக்குக் கொஞ்சம் கீழே, சொத்து வரியும் வெள்ளையடிப்பும் இல்லாமல்.

படி 8: கையெழுத்துக்கு முன்னும், கடன் முடிந்த பின்னும்

2024 அக்டோபர் 1 முதல் புதிய கடன்களுக்கு வங்கி கே.எஃப்.எஸ். என்ற முக்கிய விவர அறிக்கை தர வேண்டும். அதில் ஏ.பி.ஆர். என்றொரு எண் இருக்கும்: கட்டணங்கள், கடனோடு வாங்கும் காப்பீடு எல்லாம் சேர்த்த உண்மை ஆண்டு விகிதம். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பர வட்டியை விட்டுவிட்டு இந்த எண்ணை ஒப்பிடுங்கள். தவணை அட்டவணையும் அதோடு வரும். உங்கள் ஷீட்டோடு பொருத்திப் பாருங்கள். நிலுவை ஒத்துப்போகாவிட்டால், உங்களுக்குச் சொல்லாத ஏதோ ஒன்று அசலில் சேர்ந்திருக்கிறது. பெரும்பாலும் அது காப்பீடாக இருக்கும்.

கடைசித் தவணை கட்டியதோடு வேலை முடியாது. மூலப் பத்திரங்களை 30 நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. கடன் பெறும்போது கொடுத்த ஆவணப் பட்டியலை வைத்து ஒவ்வொன்றாக எண்ணி வாங்குங்கள். பிறகு வங்கி அதிகாரியோடு சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்ஓடிக்கான ரசீது ஆவணத்தைப் பதியுங்கள். அதைச் செய்யாவிட்டால் வில்லங்கச் சான்றில் கடன் அப்படியே தெரியும். பத்து வருடம் கழித்து விற்கப் போகும்போது, கிளையே வேறு ஊருக்கு மாறியிருக்கும். பதிந்த பிறகு புதிதாக ஒரு வில்லங்கச் சான்று எடுத்து, ரசீது ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிட்டு, அதையும் பத்திரத்தோடு சேர்த்துக் கோப்பில் வையுங்கள்.