ஈயச்சொம்பு கறுத்துப்போச்சா? குதிரைவால் செடி வெச்சு தேய்க்கறது எப்படி

அம்மா கும்பகோணத்துல வாங்கின ஈயச்சொம்பை போன தடவை ஊர்லேர்ந்து கிளம்பும்போது புடவைக்கு நடுவுல சுத்தி பெட்டில வெச்சு குடுத்தாங்க. ஜெர்மனி வந்து ஆறு மாசம் ஆகல, சொம்பு சாம்பல் கலர்ல மங்கிப்போய், ரசம் நிக்கற மட்டத்துல ஒரு கறுப்பு வளையம் வேற. சரி தேய்ச்சிடலாம்னு பச்சை ஸ்க்ரப்பர் எடுத்து ரெண்டு இழுப்பு இழுத்தேன், அவ்ளோதான், வட்ட வட்டமா கீறல். வெள்ளீயம் அவ்ளோ மெத்துனு இருக்கும், நகத்தாலயே கோடு போடலாம், அதை ஸ்க்ரப்பர்கிட்ட குடுத்தது என் தப்புதான். அம்மாகிட்ட போன்ல சொன்னா "ஏண்டி, ஈயத்தைப் போய் யாராவது அதால தேய்ப்பாங்களா"ன்னு ஒரு அரைமணி நேரம்.

விடை கிடைச்சது எங்க தோட்டத்துல. இங்க ஊரோரமா துண்டு துண்டா தோட்டம் வாடகைக்கு விடுவாங்க, ஷ்ரேபர்கார்ட்டன்னு பேரு, அதுல ஒண்ணு எடுத்திருக்கோம். அதுல ஒரு களை. பிடுங்க பிடுங்க வரும். வேர் ஒரு மீட்டருக்கும் கீழ ஓடுது, மண்வெட்டில வெட்டினா ஒவ்வொரு துண்டும் தனிச் செடியா கிளம்புது. நான் திட்டிட்டே பிடுங்கறதைப் பாத்து பக்கத்துத் தோட்டத்துப் பாட்டி சிரிச்சுட்டு, "அதைத் தூக்கிப் போடாத, அது ட்சின்க்ராவுட்"னாங்க. ட்சின்னா ஈயம், க்ராவுட்னா மூலிகை. ஈயப் பாத்திரம் தேய்க்கற மூலிகை! வீட்டுல ஒரு ஈயச்சொம்பு கறுத்துப்போய் உக்காந்திருக்கு, அதைத் தேய்க்கற செடியை நான் மூட்டை கட்டி குப்பைல போட்டுட்டு இருந்திருக்கேன்.

பேரைப் பத்தி கொஞ்சம் சொல்லிடறேன், ஏன்னா தேடும்போது இதுல நிறைய பேர் வழி மாறிடறாங்க. தாவரவியல் பேரு ஈக்விசிட்டம், லத்தீன்ல குதிரையும் முரட்டு முடியும் சேந்த பேரு. இங்கிலீஷ்ல ஹார்ஸ்டெயில். தமிழ்ல பாடபுத்தகம் பாணில குதிரைவால்னு சொல்லலாம், ஆனா அப்படித் தேடினா வர்றது பூரா குதிரைவாலி அரிசி, குதிரைவாலி பொங்கல், குதிரைவாலி உப்புமா. அந்த சிறுதானியத்துக்கும் இதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்ல. இது பூவே பூக்காது, விதையும் கிடையாது, ஃபெர்ன் மாதிரி ஸ்போர்லதான் பரவும். இதோட சொந்தக்கார மரங்க 30 கோடி வருஷம் முன்னாடி சதுப்புக் காடுகள்ல 30 மீட்டர் வரைக்கும் வளந்து நின்னுச்சு, இன்னிக்கு நாம எரிக்கற நிலக்கரில அதுங்களும் இருக்கு. மிச்சம் இருக்கறது என் கத்திரிச்செடிக்கு நடுவுல முழங்கால் உயரத்துல நிக்குது.

எனக்கு பிடிச்சது மத்த ஊர்ப் பேருங்க. வால்னு சொல்றதை விட்டுட்டு அது என்ன வேலைக்கு ஆகும்னு சொல்ற பேருங்க. ஜப்பான்ல இதுல ஒரு வகைக்கு தோகுசா, அதாவது தீட்டுக்கல் புல்லு, மர வேலை பண்றவங்க கடைசி மெருகுக்கு இதைத்தான் தேய்ப்பாங்க. சீனால அதே செடி மூஸேய், மரத்திருடன்! மரத்தைத் தேய்ச்சு தேய்ச்சு திருடிடுதாம். டச்சுக்காரங்களுக்கு ஸ்காஃப்ஸ்த்ரோ, இழைப்புளி வைக்கோல்னு வெச்சுக்கலாம். பழைய இங்கிலீஷ்ல பியூட்டர்வர்ட்னு ஒண்ணு இருக்கு, அதுவும் ஈயப் பாத்திரக் கதைதான். காரணம் எல்லாத்துக்கும் ஒண்ணுதான், இந்தச் செடி மண்ணுலேர்ந்து சிலிக்காவை உறிஞ்சி தோல்ல வரி வரியா சேத்து வெச்சுக்கும், மணல்ல இருக்கற அதே சமாச்சாரம். கிளாரினெட் வாசிக்கறவங்க வாயில வெக்கற ரீடை சீவறதுக்கு இன்னிக்கும் இதைத்தான் கேக்கறாங்க.

சரி வேலைக்கு வருவோம்.

ஸ்டெப் 1: சரியான மாசத்துல போங்க

நான் ஏப்ரல்ல போனேன், தப்பு. அப்ப மண்ணுக்கு வெளிய வர்றது பழுப்பு கலர்ல, இலை இல்லாம, தலையில ஒரு கூம்போட நிக்கற தண்டு. அது ஸ்போர் விடறதுக்கு மட்டும் வர்றது, பச்சையமே கிடையாது, ரெண்டு மூணு வாரத்துல வாடிப்போயிடும். அதைப் பறிச்சு காயவெச்சு தேய்ச்சா கையில மாவா உதிருது. (ஜப்பான்ல இந்தப் பழுப்புத் தண்டை த்ஸுகுஷின்னு சமைச்சு சாப்பிடுவாங்க, கணுவைச் சுத்தி இருக்கற பாவாடையை உருவிட்டு.) நமக்கு வேண்டியது அப்புறம் வர்ற பச்சைத் தண்டு, குட்டி கிறிஸ்துமஸ் மரம் மாதிரி இருக்கும். அதுவும் ஜூலை ஆகஸ்ட்ல எடுங்க, முத்த முத்த சிலிக்கா கூடும்.

ஸ்டெப் 2: செடி இதுதானான்னு பாருங்க

இந்த இடத்துலதான் நான் விழுந்தேன், அதனால கொஞ்சம் பொறுமையா படிங்க. முதல் தடவை வாய்க்கா ஓரத்துல நல்லா கொழுகொழுன்னு இருந்ததை ஒரு கத்தை பறிச்சுட்டு வந்தேன். பாட்டி ஒரு தண்டை எடுத்து கண்ணுகிட்ட வெச்சுப் பாத்துட்டு அப்படியே கம்போஸ்ட்ல போட்டுட்டாங்க. அது சதுப்பு வகை, விஷம், ஆல்கலாய்டு இருக்கு, மாடு குதிரை தின்னா ஆபத்து. தேய்க்கறதுக்குத்தானேன்னு கேட்டேன், "ரசம் வெக்கற பாத்திரம்னு நீதானே சொன்ன"ன்னு கேட்டாங்க, வாயை மூடிக்கிட்டேன்.

வித்தியாசம் எப்படின்னா, நடுத்தண்டுல ஒரு கணுவைப் பிடிச்சுக்கங்க. கணுவைச் சுத்தி பல்லு பல்லா ஒரு சின்ன உறை இருக்கும், அந்த உறைக்குக் கீழேர்ந்துதான் பக்கக் கிளை கிளம்பும். அந்தக் கிளையோட முதல் துண்டு, அதாவது தண்டை ஒட்டினதுலேர்ந்து கிளையோட முதல் கணு வரைக்கும், உறையை விட நீளமா இருந்தா அது வயல் வகை, நம்ம ட்சின்க்ராவுட். உறையை விட குட்டையா இருந்தா சதுப்பு வகை, விட்டுடுங்க. ஒரு கிளையைப் பாத்து முடிவு பண்ணாதீங்க, நடுத்தண்டுல நாலஞ்சு கணு பாருங்க, போன் கேமராவை மேக்ரோல போட்டா பளிச்சுனு தெரியும். இன்னொரு அடையாளம், பச்சைத் தண்டு உச்சியிலயே கூம்பு இருந்தா அது நம்மது இல்ல. செடி கண்டுபிடிக்கற ஆப்பை இதுக்கு மட்டும் நம்பாதீங்க, என் வாய்க்கா செடிக்கு அது வயல் வகைன்னுதான் சொல்லுச்சு.

மருந்தடிக்கற வயல் ஓரம், ரோட்டோரம், நாய் வாக்கிங் போற பாதை எதுவும் வேணாம். பாதுகாக்கப்பட்ட இடத்துல பறிக்கக்கூடாது, மத்த இடத்துல கைக்குள்ள அடங்கற ஒரு கத்தை சொந்த உபயோகத்துக்கு இங்க பறிக்கலாம். நமக்கு அவ்ளோதான் வேணும்.

ஸ்டெப் 3: காயவெக்கறது

நிழல்ல, நியூஸ்பேப்பர் மேல, ஒண்ணு மேல ஒண்ணு ஏறாம, ஒரு வாரம். காஞ்சும் பச்சையாவே இருக்கணும், கறுத்தா பூஞ்சை, தூக்கிப் போடுங்க. காஞ்சுடுச்சான்னு பாக்க நான் பண்ற டெஸ்ட்: ஒரு தண்டை கட்டைவிரல் நகத்துமேல நாலு தடவை இழுங்க. நகத்துல பளபளப்பு போய் வெள்ளையா மாவு படிஞ்சா ரெடி. காதுகிட்ட வெச்சு ரெண்டு தண்டை ஒண்ணோட ஒண்ணு உரசினா கரகரன்னு கேக்கும், எனக்கு பல்லு கூசும்.

ஸ்டெப் 4: கஷாயம்

20 கிராம் காஞ்ச செடி, 1 லிட்டர் தண்ணி. அரைமணி நேரம் ஊறப்போட்டு, அப்புறம் சின்னத் தீயில 45 நிமிஷம் கொதிக்க விடுங்க. வைக்கோல் வாசனை வரும், ஜன்னலைத் திறந்து வெச்சுக்கங்க. பழைய வேட்டித் துணில வடிகட்டுங்க, டீ வடிகட்டி வேணாம், பொடிப்பொடியா சிலிக்கா துணுக்கு இறங்கிடும், அதுதான் அப்புறம் கீறல் போடும். கொதிக்காத காஞ்ச தண்டு ஒரு பிடி தனியா எடுத்து வெச்சுக்கங்க, அடுத்த ஸ்டெப்புக்கு வேணும்.

ஸ்டெப் 5: தேய்க்கறது

கஷாயம் கை பொறுக்கற சூட்டுக்கு வந்ததும் ஒரு பிளாஸ்டிக் பக்கெட்டுல சொம்பை வெச்சு அதுமேல ஊத்துங்க, இருபது நிமிஷம் ஊறட்டும். தயவு செஞ்சு சொம்பை கஷாயத்தோட அடுப்புல ஏத்தி கொதிக்க விடலாம்னு யோசிக்காதீங்க. ஈயம் 232 டிகிரில உருகிடும், உள்ள தண்ணி இருக்கற வரைக்கும்தான் தாங்கும், கொஞ்சம் அசந்தா அடி கழண்டு அடுப்புல ஓடும்.

எடுத்து வெச்ச காஞ்ச தண்டையும் அதே கஷாயத்துல பத்து நிமிஷம் நனைங்க. முதல் தடவை நான் காஞ்சதை அப்படியே வெச்சு தேய்ச்சேன், நொறுங்கி தூளாகி அந்தத் தூளே கோடு போட்டுடுச்சு. நனைஞ்சா வளையும், உடையாது. ஏழெட்டு தண்டை சேத்து சணல் கயிறுல கட்டிக்கங்க, ரப்பர் பேண்ட் ஈரத்துல வழுக்கும். கழுத்துலேர்ந்து அடி வரைக்கும் நேர்கோட்டுல, ஒரே திசையில, பூனையைத் தடவற மாதிரி. வட்டமா தேய்க்காதீங்க. கறுப்பு வளையம் இருக்கற இடத்துல மட்டும் ரெண்டு நிமிஷம் கூட. நல்லா அலசி உடனே துணியால துடைச்சிடுங்க.

வெள்ளி மாதிரி மின்னாது, அதை எதிர்பாக்காதீங்க. நிலா வெளிச்சம் மாதிரி ஒரு மங்கின பளபளப்பு வரும், ஈயத்துக்கு அதுதான் அழகு. என் ஸ்க்ரப்பர் கீறல் முழுசா போகல, ஆனா விரல் வெச்சுத் தடவினா தட்டுப்படறது நின்னுடுச்சு.

மிச்சக் கஷாயத்தைக் கொட்டாதீங்க. பாத்திரத்துல படாததை பத்து மடங்கு தண்ணி சேத்து வெள்ளரி இலைல ஸ்ப்ரே பண்ணுங்க, வெள்ளைப் பூஞ்சை வராம தடுக்க, வந்ததுக்கப்புறம் அடிச்சா பெருசா பிரயோஜனம் இல்ல. பாட்டி வைத்தியம்னு நினைச்சேன், பாத்தா ஐரோப்பிய யூனியன் 2014ல பயிர்ப் பாதுகாப்புக்கு அடிப்படைப் பொருள்னு முதல்ல அனுமதிச்சதே இந்தச் செடியைத்தான், 10 லிட்டருக்கு 200 கிராம்னு இதே அளவுதான் அதுலயும்.

அப்டேட் 1: ஊர்ல கிடைக்குமான்னு நாலு பேர் கேட்டுட்டீங்க. நீலகிரி, கொடைக்கானல் பக்கம் ஓடைக் கரையில இதோட இன்னொரு வகை வளருது. கீழ சமவெளில தேடாதீங்க. நம்மூர்ல பயோடைனமிக்னு ஒரு வகை இயற்கை விவசாயம் பண்றவங்க ஸ்ப்ரேக்கு இதுக்குப் பதிலா சவுக்கு இலை எடுத்துக்கறாங்க. சவுக்கோட தாவரவியல் பேருலயே ஈக்விசிட்டிஃபோலியான்னு இருக்கு, குதிரைவால் மாதிரி இலைன்னு அர்த்தம், கணு கணுவா இழுத்தா கழண்டு வருமே அதனால. உறவு ஒண்ணும் இல்ல, சாயல் மட்டும்தான்.

அப்டேட் 2: டீ போட்டுக் குடிக்கலாமான்னு ஒருத்தங்க. இங்க குடிக்கறாங்க, 19ஆம் நூற்றாண்டுல செபாஸ்டியன் க்னைப்னு ஒரு பாதிரியார் இதை ரொம்பப் பிரபலப்படுத்தினார், நீர் பிரியறதுக்கும் காயம் கழுவவும் பார்மசிலயே விக்குது. குடிக்கணும்னா பார்மசி பாக்கெட்டை வாங்குங்க, நீங்களே பறிச்சது வேணாம், ஸ்டெப் 2ல நான் விழுந்த கதை ஞாபகம் இருக்குல்ல. இதயம், கிட்னி பிரச்சினைக்கு தண்ணி குறைச்சுக் குடிக்கச் சொல்லியிருந்தா தொடவே தொடாதீங்க.

அப்டேட் 3: காரீயம், அதாவது லெட், கலந்த சொம்பா இருந்தா என்ன பண்றதுன்னு நல்ல கேள்வி வந்திருக்கு. தமிழ்ல வெள்ளீயம் (டின்), காரீயம் ரெண்டையும் ஈயம்னே சொல்றதால வர்ற குழப்பம். சந்தேகம் இருந்தா தேய்க்கவும் வேணாம், ரசம் வெக்கவும் வேணாம், டெஸ்ட் பண்ணிட்டு அப்புறம் பாருங்க. நான்ஸ்டிக் தவால தேய்ச்சுப் பாத்த அந்த நண்பருக்கு என் அனுதாபங்கள், இதுல இருக்கறது மணல்ல இருக்கற அதே சிலிக்கான்னு மேலயே சொன்னேன். பித்தளைக்கும் இது வேணாம், அதுக்கு எப்பவும் போல புளிதான்.

அப்டேட் 4: பறிக்கப் போக நேரமில்லன்னா நர்சரில குளத்துச் செடி செக்ஷன்ல குளிர்கால குதிரைவால்னு ஒண்ணு விப்பாங்க, கிளையே இல்லாம பச்சைக் குழாய் மாதிரி நேரா நிக்கும், ஜப்பான்காரங்க மரம் தேய்க்கறது இதைத்தான். வயல் வகையை விட ரொம்பக் கரகரப்பு, அதனால ஈயத்துக்கு வேணாம், மரக்கரண்டி, பூரிக்கட்டைக்கு சூப்பர். கணுவை வெட்டி எடுத்துட்டு, நடுக்குழாயைப் பிளந்து தட்டையாக்கித் தேய்ங்க. அடியில ஓட்டை இல்லாத தொட்டில மட்டும் வைங்க. நான் ஓட்டை இருக்கற தொட்டில வெச்சேன், இப்ப பக்கத்துத் தோட்டத்துப் பாட்டியோட ஸ்ட்ராபெர்ரி பாத்தில ரெண்டு தலை எட்டிப் பாக்குது, அவங்க இன்னும் கவனிக்கல.