வெட்பாலையா, குடசப்பாலையா? காயைப் பார்க்காமல் பட்டையில் கை வைக்காதீர்கள்

வறண்ட இலையுதிர் காடுகளிலும் கரடுகளிலும் சிறு மரமாக வளரும் வெட்பாலையைக் குடசப்பாலை என்று எண்ணிப் பட்டையை உரிப்பதுதான், மூலிகை தேடிச் செல்வோர் செய்யும் பெருந்தவறு. இரண்டும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. இரண்டிலும் இலைகள் எதிரெதிராக அமையும், காம்பைக் கிள்ளினால் பால் வடியும், வெள்ளைப் பூக்கள் கொத்தாக மலரும். ஆனால் சீதக்கழிச்சலுக்கு மருத்துவர்கள் கையாளும் பட்டை குடசப்பாலையினுடையது. கொனெசின் முதலான அல்கலாய்டுகள் (மருந்தாகச் செயல்படும் தாவர வேதிப்பொருள்கள்) செறிந்திருப்பதும் அதில்தான்.

காய்க்கும் பருவத்தில் ஐயத்திற்கே இடமில்லை. இரண்டிலும் ஒல்லியான நீண்ட காய்கள் இணை இணையாகத் தொங்கும். வெட்பாலையில் காம்பருகே பிரியும் இரு காய்கள், நடுவே இடைவெளி விட்டு, நுனியில் மீண்டும் ஒட்டிக்கொண்டிருக்கும். குடசப்பாலையில் நுனிகள் தனித்தனியே நிற்கும். பூக்காலமாயின் ஒரு பூவை நெருங்கிப் பாருங்கள்: வெட்பாலைப் பூவின் நடுவில் குஞ்சம்போன்ற செதில்களும் அவற்றிடையே கூம்பாக நீட்டிய மகரந்தப் பைகளும் தெரியும், குடசப்பாலையில் மகரந்தப் பைகள் குழலுக்குள் மறைந்திருக்கும். கடையில் வாங்கும் விதையில் கசப்பு மிகுந்தது குடசப்பாலை.

பெயரை மட்டும் நம்புவதும் ஆபத்தே. 'வயிற்றுக்கடுப்பைப் போக்குவது' என்று பொருள்படும் ரைட்டியா ஆன்டிடிசென்டெரிக்கா என்ற அறிவியல் பெயர், நாற்றுப்பண்ணைகளில் அழகுக்காக விற்கப்படும் இலங்கைப் புதர்ச்செடிக்கு உரியது, குடசப்பாலைக்கு அன்று. ஈழத்தில் 'பாலை' என்றாலோ, மஞ்சள் நிறப் பாலைப்பழம் தரும் வேறொரு பெருமரம்.

வெட்பாலையின் இலை தனிச்சிறப்புடையது. நீலச் சாயம் தருவதால் அதன் அறிவியல் பெயரிலேயே 'டிங்க்டோரியா' என்ற சொல் இடம்பெற்றுள்ளது. பச்சை இலையைத் தேங்காய் எண்ணெயில் ஊறவிட்டுச் சில நாள் வெயிலில் வைத்தால் எண்ணெய் கருஞ்சிவப்பு கலந்த ஊதாவாக மாறும். காளாஞ்சகப்படை எனும் தோல்நோய்க்குச் (சொரியாசிஸ்) சித்த மருத்துவத்தில் பூசுவது இதையே. அவசரத்தில் அடுப்பிலேற்றிக் கொதிக்கவிடுவது மரபன்று. நிறம் ஏறியது சாயம் இறங்கியதற்கு அடையாளமே தவிர, நோய் தீரும் என்பதற்குச் சான்றாகாது. படை பரவினாலோ மூட்டு வலித்தாலோ மருத்துவரிடம் செல்வதைத் தள்ளிப்போடக் கூடாது. இலை பறித்த கையால் கண்ணைக் கசக்கவும் கூடாது.

பட்டையை மரத்தைச் சுற்றி வளையமாக உரித்தால், எந்த மரமானாலும் பட்டுப்போகும். வீட்டில் வளர்ப்போர் கோடைக்கு முன் இலை உதிர்ந்ததும் மரம் செத்துவிட்டதாக அஞ்சித் தண்ணீரைக் கொட்டுகிறார்கள்; அது இலையுதிர் மரத்தின் இயல்பு, புதுத் தளிரும் பூவும் தாமே வரும். விதை வேண்டுவோர் காய் நன்றாக வெடிக்கட்டும் என்று காத்திருந்தால், பஞ்சுமுடி கட்டிய விதைகள் காற்றோடு போய்விடும். பச்சை மாறிப் பழுப்பேறும்போதே காயின்மேல் ஒரு மெல்லிய துணியைக் கட்டிவிட வேண்டும்.