ஃப்ளோரன்ஸ் துவோமோ: வரிசையில் காயாமல் கைடுடன் உள்ளே போவது எப்படி?

முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். துவோமோ என்று அழைக்கப்படும் இத்தாலியின் ஃப்ளோரன்ஸ் பேராலயத்துக்குள் நுழைய டிக்கெட்டே கிடையாது, இலவசம். அப்புறம் எதற்கு ‘ஸ்கிப் தி லைன்’ என்று போட்டு இவ்வளவு யூரோ கேட்கிறார்கள்? இந்தக் கேள்வியைக் கேட்காமல் பணம் கட்டித்தான் முதல் தடவை நான் ஏமாந்தேன். ஏதோ ஒரு தளத்தில் குவிமாடத்தின் படத்தைப் பெரிதாகப் போட்டிருந்தார்கள், உச்சிவரை கூட்டிப்போவார்கள் என்று நானே நினைத்துக்கொண்டேன். போனால், கைடு சதுக்கத்தில் நின்று அரை மணி நேரம் பேசினார், ஆலயத்தின் தரைத்தளத்தை ஒரு சுற்று காட்டினார், கும்பிடு போட்டுக் கிளம்பிவிட்டார். “குவிமாடமா? அதற்குத் தனி டிக்கெட் ஆயிற்றே” என்றார். அவரைக் குறை சொல்ல முடியாது. விவரமெல்லாம் பொடி எழுத்தில் இருந்தது, படிக்காதது நான்தான்.

இரண்டாவது தடவை ஒழுங்காகப் போனேன். அதைத்தான் வரிசையாக எழுதுகிறேன்.

1. எந்த வரிசையைத் தாண்டப் போகிறீர்கள்?

துவோமோ என்றால் ஒரு கட்டடம் இல்லை. சாந்தா மரியா தெல் ஃபியோரே என்ற பேராலயம், அதன் மேல் புருனெல்லெஸ்கி கட்டிய குவிமாடம், பக்கத்தில் ஜோத்தோவின் மணிக்கோபுரம், எதிரே எண்கோண வடிவில் ஞானஸ்நான ஆலயம், பின்பக்கம் அருங்காட்சியகம், ஆலயத்தின் தரைக்குக் கீழே சாந்தா ரெபராத்தா என்ற பழைய ஆலயத்தின் மிச்சங்கள். எல்லாம் ஒரே சதுக்கத்தில்தான், ஆனால் வாசல் தனித்தனி, வரிசையும் தனித்தனி.

முகப்பில் பாம்பு மாதிரி வளைந்து நிற்கும் நீளமான வரிசை, இலவசமாக உள்ளே போகிறவர்களுடையது. குவிமாடத்துக்கு ஏறுகிறவர்கள் வடக்குப் பக்கம் இருக்கும் வேறொரு வாசலில் நிற்பார்கள். அதற்கு போர்தா தெல்லா மாந்தோர்லா என்று பெயர். மாந்தோர்லா என்றால் பாதாம். வாசலுக்கு மேலே மாதாவைச் சுற்றி பாதாம் பருப்பு வடிவத்தில் சட்டம் செதுக்கியிருப்பார்கள், அதைப் பார்த்தால் வாசலைக் கண்டுபிடித்துவிடலாம். இங்கே நேரம் குறித்த டிக்கெட் இல்லாமல் எவ்வளவு நேரம் நின்றாலும் விட மாட்டார்கள்.

ஆகவே பணம் கட்டுவதற்கு முன்னால் டூர் விவரத்தில் மூன்று விஷயங்களைத் தேடிப் படியுங்கள்: பேராலயத்தின் உள்ளே கைடு வருகிறாரா, குவிமாடம் ஏறும் டிக்கெட் சேர்ந்திருக்கிறதா, ஏறும்போதும் கைடு கூட வருவாரா அல்லது கீழேயே டிக்கெட்டைக் கையில் கொடுத்து அனுப்பிவிடுவாரா. இதில் எதுவும் தெளிவாக இல்லையென்றால் அந்த டூர் வேண்டாம். பாதுகாப்புச் சோதனையை மட்டும் எந்த டிக்கெட்டாலும் தாண்ட முடியாது, அங்கே எல்லாரும் நின்றுதான் ஆக வேண்டும்.

2. பாஸ் போதுமா, கைடும் வேண்டுமா?

இந்தக் கட்டடங்களைப் பராமரிக்கும் அமைப்புக்கு ஓபெரா என்று பெயர். பாட்டுக் கச்சேரி ஓபெரா இல்லை, ‘வேலை’ என்று அர்த்தம். 1296இல் ஆலயம் கட்டத் தொடங்கியபோது ஏற்படுத்தியது, இன்னும் அதே வேலையைத்தான் பார்க்கிறது. இவர்களுடைய சொந்தத் தளத்தில் மூன்று பாஸ்கள் விற்கிறார்கள். புருனெல்லெஸ்கி பாஸில் குவிமாடம் உட்பட எல்லாம் உண்டு, நான் வாங்கியபோது 30 யூரோ. ஜோத்தோ பாஸில் மணிக்கோபுரம் உண்டு, குவிமாடம் கிடையாது. கிபெர்த்தி பாஸில் ஏறுகிற வேலையே இல்லை. மூன்றும் மூன்று நாட்களுக்குச் செல்லும். குவிமாடத்துக்கு மட்டும் நாளும் நேரமும் முன்கூட்டியே குறிக்க வேண்டும், குறித்த பிறகு மாற்ற முடியாது.

சரி, பாஸே இருக்கும்போது கைடு எதற்கு? நேர்மையாகச் சொன்னால், ஏறி இறங்கி நாலு படம் எடுத்தால் போதும் என்பவர்களுக்குக் கைடு தேவையில்லை. ஆனால் இந்தப் பேராலயம் உள்ளே போனதும் பலருக்கு ஏமாற்றமாக இருக்கும். வெளியே வெள்ளை, பச்சை, இளஞ்சிவப்புப் பளிங்கு என்று ஜொலிக்கிறது, உள்ளே வெறிச்சென்று ஒரு பெரிய கூடம். அந்த வெறுமையில் எங்கே நின்று எதைப் பார்க்க வேண்டும் என்று சொல்ல ஓர் ஆள் இருந்தால்தான் ருசிக்கும். நான் கைடுக்கே ஓட்டுப் போடுவேன், அதுவும் சின்னக் குழுவாகப் பார்த்து.

3. நாளும் நேரமும்

ஞாயிற்றுக்கிழமை பேராலயத்துக்குள் சுற்றுலாப் பயணிகளை விடுவதில்லை, பூசைக்கு மட்டும்தான். மற்ற நாட்களிலும் மாலை நாலு மணிக்குள் சாத்திவிடுவார்கள். குவிமாடத்தின் நேரம் வேறு, அதைக் குழப்பிக்கொள்ளாதீர்கள். கோடைக்காலத்தில் போவதாக இருந்தால் குவிமாட நேரத்தைச் சில வாரங்களுக்கு முன்பே பிடித்துவிடுங்கள், கடைசி நேரத்தில் கிடைக்காது. என்னைக் கேட்டால் காலையில் முதல் வேளை. உள்ளே காற்றோட்டம் குறைவு, ஜூலை மதியத்தில் ஏறினால் அடுப்புக்குள் நடப்பது போலத்தான் இருக்கும்.

4. உடை, பை

தோள்பட்டையும் முழங்காலும் மூடியிருக்க வேண்டும், ஆண்களுக்கும் இதுதான் சட்டம். வெயிலுக்கு அரைக்கால் சட்டை போட்டுக்கொண்டு வந்து வாசலில் திரும்பிப் போகிறவர்களைத் தினமும் பார்க்கலாம். பெண்கள் ஒரு துப்பட்டாவைக் கைப்பையில் வைத்துக்கொண்டால் தோளுக்கு ஆச்சு.

பை விஷயத்தில் நான் பட்டது போதும். முதுகுப்பையை மாட்டிக்கொண்டு நேராகக் குவிமாட வாசலுக்குப் போய் நின்றேன், அங்கிருந்தவர் பையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், சதுக்கத்தின் இன்னொரு மூலையைக் கைகாட்டினார். பை வைக்கும் இடம் அங்கே. என் நேரத்துக்கு இன்னும் எட்டு நிமிடம். கூட்டத்துக்கு நடுவே குதிரை வண்டிகளைச் சுற்றிக்கொண்டு ஓடி, பையைப் போட்டுவிட்டு, டோக்கனை வாயில் கவ்விக்கொண்டு திரும்ப ஓடிவந்தேன். 463 படி ஏறுவதற்கு முன்னால் இப்படி ஓடுவது புத்திசாலித்தனம் இல்லை. ஆகவே பையை விடுதியிலேயே வையுங்கள். போன், பாஸ்போர்ட், சின்னத் தண்ணீர் பாட்டில் போதும்.

5. சந்திக்கும் இடம்

சாந்தா மரியா நோவெல்லா ரயில் நிலையத்திலிருந்து நடந்தால் பத்து நிமிடம். டாக்ஸி தேவையில்லை. ‘துவோமோவுக்கு முன்னால்’ என்று மட்டும் குறித்திருந்தால் கைடு நிறுவனத்துக்கு மெசேஜ் போட்டுச் சரியான இடத்தைக் கேளுங்கள், ஏனென்றால் அங்கே ஒரே நேரத்தில் பத்து, பதினைந்து பேர் குச்சியில் கொடியோ குடையோ தூக்கிக்கொண்டு நிற்பார்கள். பதினைந்து நிமிடம் முன்னாலேயே போய்விடுங்கள். காதில் மாட்ட ஒரு கருவி கொடுப்பார்கள், அதில் சத்தம் வருகிறதா என்று அங்கேயே பார்த்துக்கொள்ளுங்கள். கைடு உள்ளே கிசுகிசுப்பாகத்தான் பேசுவார், இது வேலை செய்யவில்லையென்றால் நீங்கள் சும்மா கூட நடக்கிற ஆள்தான்.

6. உள்ளே போனதும் திரும்பிப் பாருங்கள்

எல்லாரும் நுழைந்ததும் குவிமாடத்தைப் பார்க்க முன்னால் பாய்வார்கள். நீங்கள் அப்படியே திரும்பி, நுழைந்த சுவரின் மேல்பக்கம் பாருங்கள். அங்கே 1443இல் பாவ்லோ உச்செல்லோ வரைந்த பெரிய கடிகாரம் இருக்கிறது. அதில் 24 மணி, ஒற்றை முள், அதுவும் இடப்பக்கமாகச் சுற்றும். 24ஆவது மணி நள்ளிரவில் இல்லை, சூரியன் மறையும்போது. அதாவது அந்தக் காலத்து ஆள் முள்ளைப் பார்த்தால் மணி என்ன என்பதைவிட, பொழுது சாய இன்னும் எவ்வளவு நேரம் இருக்கிறது என்றுதான் தெரிந்துகொள்வான். வயலில் இருப்பவனுக்கும் நகரக் கதவு மூடுவதற்குள் வீடு திரும்ப வேண்டியவனுக்கும் வேறென்ன வேண்டும்?

இடப்பக்கச் சுவரில் கவிஞர் தாந்தே தன் புத்தகத்தைக் கையில் பிடித்தபடி நிற்கும் ஓவியம், 1465இல் வரைந்தது. அவர் பக்கத்தில் தெரியும் நகரத்தில் இந்தக் குவிமாடமும் இருக்கிறது. தாந்தே 1321லேயே இறந்துவிட்டார், அதை அவர் பார்க்கவே இல்லை!

பீடத்துக்கு இடப்பக்கம் வெண்கலக் கதவு போட்ட ஓர் அறை இருக்கும். 1478 ஏப்ரல் 26, ஞாயிறு பூசை நடந்துகொண்டிருக்கும்போது பாட்ஸி குடும்பத்தின் சதியில் இதே தரையில், அப்போது நகரத்தைக் கையில் வைத்திருந்த மெதிச்சி குடும்பத்தின் ஜூலியானோவைக் குத்திக் கொன்றார்கள். கழுத்தில் காயத்தோடு தப்பிய அண்ணன் லோரென்சோ ஓடிப்போய் அந்த அறைக்குள் புகுந்துகொள்ள, கூட வந்தவர்கள் கதவைச் சாத்தினார்கள். லூக்கா தெல்லா ரோபியா வடித்த கதவு, இன்னும் அங்கேதான் இருக்கிறது. கைடு மறந்துவிட்டால் நீங்களே கேளுங்கள்.

7. ஏறும் படலம்

லிஃப்ட் கிடையாது. 463 படி, நடுவில் கழிவறையும் கிடையாது. இதய நோய், மூச்சிரைப்பு, இடுக்கான இடத்தில் பயம் உள்ளவர்கள், கர்ப்பிணிகள் தயவுசெய்து இதை விட்டுவிடுங்கள், பாதியில் திரும்புவது லேசில்லை.

முதல் பகுதி வெறும் சுழல்படிதான், மூச்சு வாங்கும், வேறொன்றும் இல்லை. அது முடிந்ததும் குவிமாடத்தின் அடிவிளிம்பில் உள்பக்கமாக ஓடும் ஒரு நடைபாதையில் வெளிவருவீர்கள். கீழே தரையில் மனிதர்கள் எறும்பு மாதிரி தெரிவார்கள். தலைக்கு மேலே இறுதித் தீர்ப்பு ஓவியம், 1572இல் ஓவியர் வசாரி தொடங்கி, அவர் இறந்த பிறகு ஸுக்காரி என்ற ஓவியர் 1579இல் முடித்தது. தரையிலிருந்து பார்த்தால் சொர்க்கம்தான் கண்ணில் படும். இங்கே நரகம் முகத்துக்கு நேரே இருக்கும், பிசாசுகளின் பல்லைக்கூட எண்ணலாம். போகிறவர்கள் பின்னாலிருந்து நெருக்குவார்கள், பரவாயில்லை, ஓரமாக ஒதுங்கி இரண்டு நிமிடம் நில்லுங்கள்.

இதற்கு மேல்தான் விஷயமே இருக்கிறது. குவிமாடம் ஒன்றில்லை, இரண்டு. உள்ளே ஒன்று, வெளியே ஒன்று, நடுவில் உள்ள இடைவெளியில் படிக்கட்டு. ஏற ஏற ஒரு பக்கச் சுவர் உங்கள் மேல் சாய்ந்துகொண்டே வரும், நீங்களும் உடம்பைச் சாய்த்துக்கொண்டுதான் நடக்க வேண்டும். அங்கே செங்கலைக் கவனியுங்கள். படுக்கையாக அடுக்கிய வரிசைக்கு நடுவே சில செங்கற்களைச் செங்குத்தாக நிறுத்தி, மீன்முள் மாதிரி கோத்துக்கொண்டே போயிருப்பார்கள். சாதாரணமாக வளைவு கட்டும்போது கொத்தனார் கீழே சென்டரிங் அடித்து, அதன் மேல் கட்டி, காய்ந்த பிறகு பிரிப்பார். இங்கே மூட வேண்டிய பள்ளம் சுமார் 45 மீட்டர் அகலம், தரையிலிருந்து அவ்வளவு உயரத்தில். அதற்குச் சென்டரிங் அடிக்கப் பெரிய மரங்களுக்கு எங்கே போவது? 1418இல் போட்டி வைத்தார்கள், பொற்கொல்லராகத் தொழில் கற்ற புருனெல்லெஸ்கி சென்டரிங்கே இல்லாமல் கட்டிக் காட்டுகிறேன் என்றார். 1420இல் தொடங்கி 1436இல் முடித்தார். ஈரக் கலவையில் சாய்வாக வைத்த செங்கல் வழுக்கி விழாமல் பிடித்துக்கொள்வதற்குத்தான் அந்த மீன்முள். நாற்பது லட்சம் செங்கலுக்கு மேல் என்று கணக்குச் சொல்கிறார்கள். கண்ணுக்கு ஓரடி தூரத்தில் அதைப் பார்க்க முடிவதற்காகவே நான் இன்னொரு தடவை ஏறுவேன்.

கடைசிப் படிகள் ஏணி மாதிரி செங்குத்தாக இருக்கும், கம்பியைப் பிடித்துக்கொள்ளுங்கள். உச்சியில் காற்று. ஒரு பக்கம் ஜோத்தோவின் மணிக்கோபுரம் உங்களுக்குக் கீழே நிற்கும், அந்தப் பக்கம் வெக்கியோ அரண்மனை, தூரத்தில் ஃபியேசோலே மலை. மணிக்கோபுரத்தின் உச்சியிலிருந்து குவிமாடத்தையே படம் எடுக்கலாம், குவிமாடத்தின் மேல் நின்றுகொண்டு அது முடியாது. படம்தான் முக்கியம் என்றால் அந்தக் கோபுரத்தின் 414 படியையும் இன்னொரு நாள் ஏறுங்கள், அதற்கும் லிஃப்ட் இல்லை. ஒரே நாளில் இரண்டும் வேண்டாம், அடுத்த நாள் விடுதிப் படியில் இறங்கும்போது என்னை நினைத்துக்கொள்வீர்கள்.

8. இறங்கிய பிறகு

பாஸ் மூன்று நாள் செல்லும் என்றேனே, அருங்காட்சியகத்தை மறுநாளுக்கு வையுங்கள். ஞானஸ்நான ஆலயத்தில் வெளியே இருக்கும் தங்கக் கதவு நகல், கிபெர்த்தி செய்த அசல் இங்கேதான் இருக்கிறது. மிக்கேலாஞ்சலோ வயதான காலத்தில் தன் கல்லறைக்கென்று செதுக்கி, பிறகு தானே சுத்தியலால் உடைத்த சிலையும் இருக்கிறது, இயேசுவின் ஒரு கால் அதில் இல்லை. ஞானஸ்நான ஆலயத்தின் கூரை மொசைக்கை 2023 முதல் சீரமைக்கிறார்கள், சாரம் கட்டியிருக்கும், அதை மட்டும் நம்பிப் போகாதீர்கள்.

ஏறிய அன்றைக்கு உட்கார இடம் தேடினால் தெற்குப் பக்கம் போங்கள். அங்கே ஒரு மாளிகைச் சுவரில் புருனெல்லெஸ்கியின் சிலை, மடியில் வரைபடத்தை வைத்துக்கொண்டு குவிமாடத்தை அண்ணாந்து பார்த்தபடி உட்கார்ந்திருக்கும். அவர் உடல் எதிரே ஆலயத்தின் நிலவறையில் இருக்கிறது. கால் வலி குறைந்ததும் ஆலயத்தின் பின்பக்கம் சுற்றி வாருங்கள். சாம்பல் நிறக் கல் தரையில் ஒரு வட்டமான வெள்ளைப் பளிங்கு பதித்திருப்பார்கள், எழுத்து எதுவும் இல்லை, எல்லாரும் மிதித்துக்கொண்டு போவார்கள். 1600 வாக்கில் இடி விழுந்து, உச்சியில் இருந்த தங்க முலாம் பூசிய செப்பு உருண்டை உருண்டு வந்து விழுந்த இடம் அது. அதன் மேல் நின்று மேலே பாருங்கள், சற்று முன்பு நீங்கள் நின்றது இப்போது உச்சியில் தெரியும் உருண்டைக்குக் கொஞ்சம் கீழேதான்.