ஃப்ரிட்ஸ் பொல்லார்டைப் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

தொழில்முறை அமெரிக்கன் ஃபுட்பாலின் முதல் தலைமுறையில் எனக்கு மிகவும் பிடித்த மனிதர் கறுப்பின வீரர் ஃப்ரிட்ஸ் பொல்லார்டு. ஐந்தடி ஒன்பது அங்குலம், சுமார் 75 கிலோ. மலை மாதிரி ஆட்கள் மோதிக்கொள்ளும் ஆட்டத்தில் வேகத்தையும் சட்டென்று திரும்பும் கால்களையும் வைத்தே பிழைத்தவர். அவரைப் பற்றிய குறிப்புகளில் சில தவறுகள் எளிதாக நுழைந்துவிடுகின்றன. ஒவ்வொன்றும் சின்னதாகத் தெரிந்தாலும், எல்லாம் சேர்ந்தால் அவர் வாழ்க்கை வேறு கதையாகிவிடும்.

முதலில், "முதல் கறுப்பினத் தொழில்முறை வீரர்" என்ற பட்டம். அது அவருடையது அல்ல. ஒஹாயோவின் ஷெல்பி நகர அணிக்காக 1904-லேயே ஒப்பந்தம் போட்டு ஆடியவர் சார்லஸ் ஃபாலிஸ். சரி, அமெரிக்காவின் முதன்மையான தொழில்முறை ஃபுட்பால் லீக்கான இன்றைய என்.எஃப்.எல்.-இல் ஆடிய முதல் கறுப்பினர் என்றாவது சொல்லலாமா? அதையும் தனியாக அவருக்கே கொடுக்க முடியாது. லீக் தொடங்கிய 1920 சீசனிலேயே ராக் ஐலண்ட் அணியில் பாபி மார்ஷல் ஆடினார். "முதல் இருவரில் ஒருவர்" என்று எழுதினால் பொல்லார்டின் பெருமை ஒன்றும் குறையாது, மார்ஷலும் காணாமல் போகமாட்டார்.

என்.எஃப்.எல். என்ற பெயரே 1922-ல்தான் வந்தது. 1920 செப்டம்பரில் ஒஹாயோவின் கேன்டன் நகரில் ஒரு கார் ஷோரூமில் கூடித் தொடங்கியபோது அதன் பெயர் அமெரிக்கன் புரொஃபெஷனல் ஃபுட்பால் அசோசியேஷன். அந்த சீசனில் பொல்லார்டின் ஆக்ரன் புரோஸ் அணி பட்டம் வென்றது. இங்கேதான் அடுத்த தவறு காத்திருக்கிறது: "இறுதிப் போட்டியில் வென்று கோப்பையைத் தூக்கினார்" என்று எழுதிவிடுகிறார்கள். இறுதிப் போட்டி என்று ஒன்று நடக்கவே இல்லை. எத்தனை ஆட்டம், யாரோடு ஆட்டம் என்பதையெல்லாம் அணிகளே முடிவு செய்துகொண்ட காலம் அது. ஆக்ரன் எட்டு ஆட்டங்களில் வென்று மூன்றை டிரா செய்தது, ஒன்றிலும் தோற்கவில்லை. வேறு அணிகளும் பட்டத்துக்கு உரிமை கோரின. 1921 ஏப்ரலில் கூட்டம் போட்டு வாக்கெடுத்துத்தான் பட்டத்தை ஆக்ரனுக்குக் கொடுத்தார்கள்.

அந்த 1920 அணிக்குப் பொல்லார்டே பயிற்சியாளர் என்று எழுதுவதும் தவறு. அந்த ஆண்டு பயிற்சியாளர் எல்ஜி டோபின். 1921-ல்தான் பொல்லார்டு அவரோடு சேர்ந்து பயிற்சியாளர் பொறுப்பையும் ஏற்றார், ஆடிக்கொண்டே. பிற்காலத்தில் பாடகராக உலகப் புகழ் பெற்ற பால் ராப்சன் ஆக்ரனுக்கு ஆடியதும் 1921-ல்தான். அப்போது அவர் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்துக்கொண்டிருந்தார். 1920-ல் பட்டம் வென்ற அணியில் ராப்சனைச் சேர்த்துவிடாதீர்கள்.

இன்றைய ஆட்டத்தை மனதில் வைத்துக்கொண்டு அந்தக் காலத்தை வர்ணிப்பதும் சிக்கல்தான். தாக்குதலுக்கு ஒரு கூட்டம், தடுப்புக்கு இன்னொரு கூட்டம் என்ற ஏற்பாடு அப்போது இல்லை. அதே பதினொரு பேர்தான் இரண்டையும் செய்தார்கள். லீக் அதிகாரபூர்வமாகப் புள்ளிவிவரம் வைக்கத் தொடங்கியது 1932-ல். அதற்குள் பொல்லார்டின் லீக் ஆட்டம் முடிந்து ஆறு ஆண்டுகள் ஆகிவிட்டன. அதனால் அவர் மொத்தம் இத்தனை யார்டு ஓடினார் என்று துல்லியமான எண் ஒன்றைப் பார்த்தால் அப்படியே எடுத்துக் கையாளாதீர்கள்.

எல்லாவற்றையும்விட என்னை வருத்தும் தவறு ஒன்று உண்டு. 1920-ல் பொல்லார்டு கதவைத் திறந்தார், அதன்பின் அது திறந்தே இருந்தது என்ற தோரணையில் எழுதுவது. நடந்தது நேர்மாறு. 1933 சீசனில் ஜோ லில்லார்டு, ரே கெம்ப் என்று இரண்டே கறுப்பின வீரர்கள் லீக்கில் மிஞ்சியிருந்தார்கள். அடுத்த ஆண்டு ஒருவர்கூட இல்லை. எழுதி வைத்த விதி எதுவும் கிடையாது. ஆனால் பன்னிரண்டு சீசன்களில் எந்த அணியும் ஒரு கறுப்பின வீரரைக்கூட எடுக்கவில்லை. இதைத் தற்செயல் என்று யாராவது சொன்னால் நான் நம்பமாட்டேன். 1946-ல் கிளீவ்லாந்திலிருந்து லாஸ் ஏஞ்சலஸுக்குக் குடிபெயர்ந்த ராம்ஸ் அணிக்கு மக்கள் வரிப்பணத்தில் கட்டிய கொலீசியம் மைதானம் தேவைப்பட்டது. பொதுப்பணத்தில் கட்டிய மைதானத்தில் கறுப்பினரை ஒதுக்கும் அணி ஆடலாமா என்று கேட்டு, கறுப்பினப் பத்திரிகையாளர்கள் அந்த இடத்தில் பிடியை இறுக்கினார்கள். கறுப்பின வீரர் கென்னி வாஷிங்டன் அணிக்குள் வந்தது அப்படித்தான்.

இந்த இடைவெளியில் பொல்லார்டு சும்மா இருக்கவில்லை. லீக் தன்னைப் போன்றவர்களை வெளியே நிறுத்திய ஆண்டுகளில் கறுப்பின வீரர்களையே கொண்ட அணிகளை நடத்தினார். சிகாகோவில் பிளாக் ஹாக்ஸ், அப்புறம் 1930-களின் நடுவில் ஹார்லெமில் பிரவுன் பாம்பர்ஸ். பத்திரிகை நடத்தினார், கலைஞர்களுக்கு வாய்ப்புத் தேடித் தரும் ஏஜென்டாகவும் இருந்தார். அவர் லீக்கில் ஆடி முடித்த 1926-ஓடு வாழ்க்கைக் குறிப்பை முடித்துவிட்டால் இவ்வளவும் போய்விடும்.

பயிற்சியாளர் விஷயத்திலும் இதே மறதிதான். 1989-ல் ரெய்டர்ஸ் அணிக்கு ஆர்ட் ஷெல் தலைமைப் பயிற்சியாளரானபோது, லீக்கின் முதல் கறுப்பினத் தலைமைப் பயிற்சியாளர் என்ற பேச்சு பரவலாக எழுந்தது. "நவீன காலத்தில்" என்ற சொல்லைச் சேர்க்காமல் அதைத் திருப்பி எழுதுவது பொல்லார்டுக்குச் செய்யும் அநியாயம். அவர் 1986 மே மாதம், தன் 92-ஆம் வயதில் இறந்தார். 1920-களில் அவர் வகித்த பொறுப்பில் இன்னொரு கறுப்பினரை என்.எஃப்.எல். அமர்த்தியதை அவர் உயிரோடு பார்க்கவே இல்லை. ஃபுட்பால் சாதனையாளர்களைக் கௌரவிக்கும், கேன்டனில் இருக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் அவர் பெயர் சேர்ந்தது 2005-ல்.

கல்லூரிக் காலத்தைப் பற்றி ஒரு எச்சரிக்கை. பிரவுன் பல்கலைக்கழகத்துக்காக 1916 ஜனவரி 1 அன்று ரோஸ் போல் என்ற புகழ்பெற்ற கல்லூரி ஃபுட்பால் ஆட்டத்தில் ஆடிய முதல் கறுப்பினர் அவர் என்பது சரி. ஆனால் அந்த ஆட்டத்தில் பிரவுன் வாஷிங்டன் ஸ்டேட்டிடம் 14-0 என்று தோற்றது. வெற்றி நாயகனாக அவரைக் காட்டும் வரியை நீக்கிவிடுங்கள். நாட்டின் சிறந்த கல்லூரி வீரர்களைப் பொறுக்கி வால்டர் கேம்ப் வெளியிட்ட ஆல்-அமெரிக்கா அணியில் இடம் வாங்கித் தந்தது அடுத்த சீசனில் அவர் ஆடிய ஆட்டம்.

பெயரிலும் கவனம் வேண்டும். அவருக்கு வைத்த பெயர் ஃப்ரெடரிக் டக்ளஸ் பொல்லார்டு, அடிமை முறையை எதிர்த்த ஃப்ரெடரிக் டக்ளஸின் நினைவாக. "ஃப்ரிட்ஸ்" என்பது சிகாகோவின் ரோஜர்ஸ் பார்க்கில், ஜெர்மானியக் குடும்பங்கள் நிறைந்த பகுதியில் வளர்ந்தபோது ஒட்டிக்கொண்ட செல்லப்பெயர். அவர் மகனும் ஃப்ரிட்ஸ் பொல்லார்டுதான். 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் 110 மீட்டர் தடை ஓட்டத்தில் வெண்கலம் வென்றவர் அந்த மகன். தந்தைக்கு அப்போது 42 வயது.