ஸ்கிராட்ச்சில் ஒரு தவளையைத் தாவ வைப்போம்

பிளாட்ஃபார்ம் கேம் (திட்டுக்குத் திட்டு தாவிப் போகும் விளையாட்டு) செய்யலாம் என்றதும் பலரும் முதலில் குளத்தையும் தாமரையையும் வரைய உட்கார்ந்துவிடுகிறார்கள். அதெல்லாம் அப்புறம். தாவல் சரியாக அமைந்தால் வெறும் வெள்ளைத் திரையிலேயே அரைமணி நேரம் விளையாடலாம். எம்ஐடி மீடியா லேப் 2007இல் வெளியிட்ட, கட்டளை பிளாக்குகளை அடுக்கியே புரோகிராம் செய்யும் ஸ்கிராட்ச் இதற்குப் போதும். இலவசம், பிரவுசரிலேயே ஓடும்.

படி 1: புது புராஜெக்டில் வந்து நிற்கும் பூனையை நீக்குங்கள். ஸ்பிரைட் (திரையில் நாம் இயக்கும் உருவம்) நூலகத்திலிருந்து தவளையை எடுத்து, அளவை 50 ஆக்குங்கள். இன்னொரு ஸ்பிரைட்டில் நான்கைந்து தட்டையான இலைகளை வரைந்து 'இலை' என்று பெயரிடுங்கள்.

படி 2: 'வேகம்' என்று ஒரு வேரியபிள் (மாறும் எண்ணை வைத்திருக்கும் பெட்டி) உருவாக்குங்கள். பச்சைக் கொடியை அழுத்தியதும் வேகம் 0, தவளை முதல் இலைக்குச் சற்று மேலே. அதன்கீழ் ஒரு ஃபாரெவர் பிளாக் (உள்ளே இருப்பதை ஓயாமல் திரும்பத் திரும்பச் செய்வது). அதற்குள் இதே வரிசையில்:

ஒய் மதிப்பை (தவளை நிற்கும் உயரம்) 'வேகம்' அளவு மாற்றுங்கள்.
வேகத்தை -1 மாற்றுங்கள். இதுதான் புவியீர்ப்பு.
இலையைத் தொட்டு, வேகமும் 0க்குக் கீழே இருந்தால்: தொடுவது நிற்கும்வரை ஒய்யை 1, 1 ஆகக் கூட்டி, வேகத்தை 0 ஆக்குங்கள். ஸ்பேஸ் பட்டன் அழுத்தியிருந்தால் வேகம் 12.

ஸ்பேஸ் சோதனை அந்த 'இலையைத் தொட்டால்' என்பதற்கு உள்ளேயே இருக்கட்டும். வெளியே வைத்தால் தவளை அந்தரத்தில் தாவித் தாவி நிலாவுக்கே போய்விடும்.

12 எவ்வளவு உயரம்? 12+11+10 என்று 1 வரை கூட்டினால் 78. மேடையின் (ஸ்கிராட்ச்சின் விளையாட்டுத் திரை) மொத்த உயரம் 360. ஆக, இலைக்கு இலை 60 விட்டால் தாராளம், 75 விட்டால் விளையாடுபவர் பல்லைக் கடிப்பார்.

ஓடவிட்டால் ஒன்று கண்ணில் படும். இறங்கிய தவளை இலைக்குள் புதைந்து, சேற்றிலிருந்து எழுவதுபோல மெதுவாக மேலே வரும். ஒவ்வொரு 1க்கும் திரை புதுப்பிக்கப்படுவதே காரணம். அந்த மேலேற்றும் பகுதியை மட்டும் 'மை பிளாக்ஸ்' வழியாகத் தனி பிளாக்காக்கி, 'ரன் வித்தவுட் ஸ்கிரீன் ரெஃப்ரெஷ்' என்பதை டிக் செய்யுங்கள். சட்டென்று உட்காரும்.

படி 3: அதே ஃபாரெவருக்குள், இடது அம்புக்கு எக்ஸை (கிடைமட்ட இடம்) -4 மாற்றி, திசையை -90 ஆக்குங்கள்; வலது அம்புக்கு 4, 90. ரொட்டேஷன் ஸ்டைலை 'லெஃப்ட்-ரைட்' ஆக்க மறக்காதீர்கள். நான் மறந்ததில் தவளை மல்லாந்தபடியே குளத்தைச் சுற்றியது. ஒய் -160க்குக் கீழே போனால் தண்ணீரில் விழுந்த கணக்கு. முதல் இலைக்கே அனுப்புங்கள்.

படி 4: இப்போது குறும்பு. காஸ்ட்யூமை (ஸ்பிரைட்டின் தோற்றப் படம்) நகலெடுத்து, தவளையை ஒல்லியாக, நீளமாக இழுத்துவிடுங்கள். வேகம் 0க்கு மேல் என்றால் இந்தக் காஸ்ட்யூம், இல்லையென்றால் பழையது. இரண்டிலும் பாதங்கள் ஒரே கோட்டில் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் மாறும்போதெல்லாம் தவளைக்குக் குளிர்காய்ச்சல் வந்ததுபோல நடுங்கும்.